பிடுங்காமல் விட்ட வரிசை

1

ஊரில் இருக்கிற எல்லாருக்கும் மைசூரிலிருந்து அஞ்சலை எழுதுகிறேன். நான் நன்றாக இருக்கிறேன். இடுப்பு மட்டும் மூன்று நாளாக என் பேச்சைக் கேட்கவில்லை. அது ஏன் என்று சொல்லத்தான் இவ்வளவும் எழுதுகிறேன்.

நம் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கு ஆண்டு மலர் போடுகிறார்கள், வெளியூரில் இருப்பவர்கள் தங்கள் அனுபவத்தை எழுதி அனுப்ப வேண்டும் என்று என் மகன் செல்வத்தின் போனுக்குச் செய்தி வந்தது. அந்தப் பள்ளிக்கூடத்தின் வாசலை நான் மிதித்ததில்லை. அதன் பின்பக்கத்து வயலில் நட்டிருக்கிறேன். உள்ளே பிள்ளைகள் வாய்ப்பாடு ஒப்பிப்பது சேற்றில் நிற்கிற எங்களுக்குக் கேட்கும். அந்தச் சத்தத்துக்கே கை ஓடும். எழுத்து இங்கே வந்துதான் கற்றேன். பக்கத்து வீட்டு ஸ்டெல்லா டீச்சர் தினம் சாயங்காலம் என்னை உட்கார வைத்துப் போட்ட பிச்சை அது. இந்தக் குறிப்புகளையும் அவர்தான் திருத்தித் தந்தார். பிழை இருந்தால் என்னுடையது. அழகு இருந்தால் அவருடையது.

நான் ஊரைவிட்டு வந்து நாற்பத்தைந்து வருஷத்துக்கு மேலாகிறது. ஆற்றில் தண்ணீர் வராத வருஷம் அது. "தண்ணி வரலைன்னா என்ன, தண்ணி இருக்கற எடத்துக்கே போயிருவோம் வா" என்று என் வீட்டுக்காரர் எங்களைக் கூட்டிக்கொண்டு வந்தார். கட்டட வேலைக்குப் போனோம். அவர் காலமான பிறகு அக்ரஹாரத்தில் இட்லி மாவு அரைத்து விற்றேன். இன்றைக்கும் அந்தத் தெருவில் என் பெயர் மாவம்மாதான்.

ஊரை நினைத்து நான் அழுததில்லை. அழுவதற்கு அங்கே எனக்குச் சொந்தமாக என்ன இருந்தது? ஒரு குழி நிலம் கிடையாது. அது உங்கள் எல்லாருக்கும் தெரியும். இந்தக் கன்னட நாட்டில்தான் ஒருத்திக்குத் தெரியாமல் இருந்தது.

2

அந்த ஒருத்தி என் சம்பந்தி ஜெயம்மா.

செல்வம் கட்டியது கன்னடப் பெண். பெயர் சவிதா. அவள் பிறந்த வீடு மண்டியாப் பக்கம், சொந்த நிலமும் கரும்பும் நெல்லும் உள்ள குடும்பம். பெண் கேட்டுப் போன அன்று ஜெயம்மா காபியைக் கையில் கொடுத்துவிட்டு முதல் கேள்வியாக, ஊரில் நிலம் இருக்கிறதா என்று கேட்டாள். செல்வத்துக்கு அப்போதுதான் ஃபாக்டரியில் வேலை நிலைத்திருந்தது. சவிதா கதவோரத்தில் நின்று என் முகத்தையே பார்க்கிறாள். நான் யோசிக்கவே இல்லை.

"நஞ்சை இருக்கு. ஆத்துப் பாசனம். ஒண்ணரை ஏக்கரா, மாந்தோப்பு ஓரமா" என்றேன்.

பெரிய வீட்டுக்காரர்களின் மாந்தோப்பு வயலைத்தான் சொன்னேன். வடமேற்கு மூலையில் பள்ளம், மடை கிழக்கே, நடு வயலில் ஒரு இடத்தில் கால் வைத்தால் முழங்கால் வரை இறங்கும் என்று எல்லாம் சொன்னேன். பத்து வயதிலிருந்து அதில் நட்டவள் நான். அதன் சொந்தக்காரருக்கு இவ்வளவு தெரியாது. ஜெயம்மா கேட்டுக்கொண்டே இருந்தாள், முகம் மலர்ந்துவிட்டது. "நம்ம மாதிரியே ஜமீனு இருக்கறவங்க" என்று தன் வீட்டுக்காரரிடம் சொன்னாள். அவர்கள் பாஷையில் ஜமீன் என்றால் நிலம். கல்யாணம் முடிந்தது.

அன்றைக்குச் சொன்ன பொய் அன்றோடு முடிந்திருந்தால் பரவாயில்லை. பண்டிகைக்குப் பண்டிகை அவர்கள் வீட்டுக்குப் போவோம். ஜெயம்மா என்னைத் தன் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு நடவுக்கு வருகிற பெண்களைப் பற்றிக் குறை சொல்வாள். நேரத்துக்கு வருவதில்லை, குனிந்தால் நிமிர்கிறார்கள், நிமிர்ந்தால் வெற்றிலை போடுகிறார்கள் என்பாள். நானும் சம்பந்தி மரியாதைக்கு, "ஆமாங்க, ஆளுங்க முன்ன மாதிரி இல்ல" என்பேன். ஒரு தடவை இல்லை, எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன். பொய்யைவிட இதுதான் எனக்குள் முள்ளாகக் குத்திக்கொண்டிருந்தது.

3

செல்வத்துக்கும் சவிதாவுக்கும் இந்த வருஷம் கல்யாணமாகி இருபத்தைந்து. என் பேத்தி பெங்களூரில் படிக்கிறாள். போனில் என்னோடு பேசும்போதும் கன்னடம்தான் முதலில் வருகிறது, அப்புறம் நினைவு வந்து தமிழுக்குத் திரும்புகிறாள். அவள்தான் கம்ப்யூட்டரில் தேடி, அப்பா அம்மாவுக்கு ஒரு பயணம் பதிவு செய்தாள். சேலத்துக்கு அப்பால் ஒரு மலை. அங்கே மலைவாழ் மக்களின் வீட்டிலேயே தங்கலாம், ஹோம்ஸ்டே என்கிறார்கள். ஊரைச் சுற்றி நடத்திக் கூட்டிப் போய்க் காட்டுவார்கள், படிக்கட்டு மாதிரி அடுக்கடுக்கான நெல் வயல் பார்க்கலாம். இரண்டு அம்மாக்களும் கூடப் போக வேண்டும் என்று பேத்தியின் உத்தரவு.

"நெல்லு வயலைப் பாக்கக் காசு குடுத்துப் போகணுமாடா?" என்றேன்.

"அம்மா, சும்மா வாங்க. சவிதா ஆசப்படறா" என்றான் செல்வம்.

மலைமாதேஸ்வரன் மலையைத் தாண்டி, பாலாறு சோதனைச் சாவடியில் காரை நிறுத்தி எட்டிப் பார்த்துவிட்டு விட்டார்கள். அதற்கு மேல் கடைப் பலகையெல்லாம் தமிழ். நான் சத்தமாக ஒவ்வொன்றாகப் படித்துக்கொண்டே வந்தேன். பக்கத்தில் ஜெயம்மா, "பீகித்தி, வழியெல்லாம் பாடம் படிச்சிட்டே வர்றீங்களே, பரீட்சை இருக்கா?" என்றாள். பீகித்தி என்றால் அவர்கள் பாஷையில் சம்பந்தியம்மா.

மலை மேல் நாங்கள் தங்கிய வீட்டுக்காரி பெயர் வெள்ளையம்மா. நாற்பது வயதிருக்கும். அவள்தான் சமைக்கிறாள், அவள்தான் ஊர் நடைக்கும் வழிகாட்டி. போன உடனே பெரிய நோட்டு ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தாள்.

"ஆபீசுல கேப்பாங்க, எல்லாத்தையும் நெரப்பிக் குடுத்துருங்க. அடிச்சுத் திருத்தக் கூடாது. திருத்துனா பக்கத்துல கையெழுத்துப் போடோணும்" என்றாள்.

பெயர், வயது, ஊர், அடையாள அட்டை எண், அப்புறம் தொழில். வாழ்நாள் முழுக்க இந்தக் கட்டம் என்னை விடாமல் துரத்தியிருக்கிறது. மைசூரில் முதல் ரேஷன் கார்டுக்குப் போனபோது குமாஸ்தா என்னை நிமிர்ந்துகூடப் பார்க்காமல் கூலி என்று எழுதினார். அடுத்த கார்டில் வீட்டு வேலை. செல்வம் வேலைக்குப் போன பிறகு இல்லத்தரசி. எனக்கு எது வேலையோ அதை மட்டும் யாரும் எழுதியதில்லை.

செல்வம் பேனாவை வைத்துக்கொண்டு என்னைப் பார்த்தான். அவனுக்கு எல்லாம் தெரியும். வரப்பில் தூளி கட்டி அவனைப் போட்டுவிட்டுத்தான் நட்டிருக்கிறேன்.

"என்னப்பா யோசனை? ஜமீன்தார்னு எழுது" என்று ஜெயம்மா சிரித்தாள்.

அவன் குனிந்து, "விவசாயம், சொந்த நிலம்" என்று எழுதினான். அந்த எழுத்து எனக்குப் படிக்கத் தெரிந்தது. தெரியாமல் இருந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

4

மறுநாள் காலையில் நடை. எங்கள் நான்கு பேரோடு பெங்களூரிலிருந்து வந்த ஒரு புதுமணத் தம்பதியும் சேர்ந்துகொண்டார்கள். வெள்ளையம்மா முன்னால் போனாள். பலா மரம், அதைப் பற்றிக்கொண்டு ஏறும் மிளகுக் கொடி, சாமைக் கொல்லை, ஊற்று என்று காட்டிக்கொண்டே போனாள். கோயில் காடு வந்ததும் செருப்பைக் கழற்றச் சொன்னாள். பெங்களூர்ப் பெண், கல் குத்துகிறது என்று புருஷன் தோளைப் பிடித்துக்கொண்டு நடந்தாள்.

ஒரு திருப்பத்தில் வயல் தெரிந்தது. நம் ஊரில் வயல் என்றால் கண் போகிற வரை போகும். இங்கே மலையின் இடுப்பைச் சுற்றி மடிப்பு மடிப்பாக இருந்தது. மேல் வயலுக்கும் கீழ் வயலுக்கும் நடுவில் என் இடுப்பு உயரத்துக்குக் கல் அடுக்கியிருந்தார்கள். சில வயல் நம் வீட்டுக் கூடத்தை விடச் சிறியது. எல்லாவற்றிலும் தண்ணீர் நின்று வானத்தைக் காட்டியது. நான் வாயைத் திறந்துகொண்டு நின்றுவிட்டேன் என்று சவிதா அப்புறம் சொன்னாள்.

விருந்தாளிகள் இறங்கி நடுவதற்கென்றே ஒரு வயலை வைத்திருக்கிறார்கள். வெள்ளையம்மாவும் இன்னும் இரண்டு பெண்களும் நாற்று முடிகளை ஆளுக்கு ஒன்று கொடுத்தார்கள். பெங்களூர்த் தம்பதி சிரித்துக்கொண்டே இறங்கினார்கள். செல்வமும் சவிதாவும் இறங்கினார்கள். ஜெயம்மா குடையை விரித்துக்கொண்டு வரப்பில் நின்றாள்.

"நீங்களும் எறங்குங்கம்மா" என்றாள் வெள்ளையம்மா.

"அய்யோ, நாங்க எறங்க மாட்டோம். சொந்தக்காரங்க வரப்புல நிப்போம், ஆளுங்கதான் எறங்குவாங்க. அல்லவா பீகித்தி?" என்று ஜெயம்மா என் கையைப் பிடித்தாள்.

"எங்கூர்ல ஆளு, சொந்தக்காரின்னு ரெண்டு கெடையாதுங்க. இது என்ற வயலு. நான் எறங்கலேன்னா வேற ஆரு எறங்குவா?" என்றாள் வெள்ளையம்மா. கோபமில்லாமல்தான் சொன்னாள்.

எனக்கு அது புதிதாக இருந்தது. வயலும் இவளுடையது, சேறும் இவளுடையது. நான் கண்டதெல்லாம் வயல் ஒருவருக்கு, சேறு எங்களுக்கு.

அப்போது பெங்களூர்ப் பெண் நாற்றின் கழுத்தைப் பிடித்துத் திருகி, பத்துப் பயிரை ஒன்றாகச் சேர்த்து முழங்கை வரை சேற்றுக்குள் திணித்துக்கொண்டிருந்தாள். செல்வம் அதற்கு மேல். என் வயிற்றில் பிறந்தவன், ஆணி அடிப்பது மாதிரி நடுகிறான். எவ்வளவு நேரம் பார்த்துக்கொண்டு நிற்பது? ஜெயம்மாவின் கையை விடுவித்துக்கொண்டேன். புடவையை இழுத்துச் செருகினேன். இறங்கிவிட்டேன்.

சேறு குளிர்ந்திருந்தது. இடது கையில் நாற்று முடி, கட்டைவிரல் தானாக மூன்று நான்கு பயிரைப் பிரித்தது, வலது கை வாங்கி இரண்டு விரற்கடை ஆழத்துக்கு மேல் போகாமல் வைத்தது. ஆழம் போனால் தூர் கட்டாது. நான் எதையும் யோசிக்கவில்லை. குத்துக்குக் குத்து இடம் விட்டுப் பின்புறமாகவே நகர்ந்துகொண்டிருந்தேன். பக்கத்தில் நம் ஊர்ப் பெண்கள் இருபது பேர் வரிசையில் வருகிற மாதிரி இருந்தது எனக்கு.

நம் ஊர் வயலில் பின்னால் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. எதற்குப் பார்க்க வேண்டும், வயல் போய்க்கொண்டே இருக்கும். இங்கே எட்டே அடி. ஒன்பதாவது அடிக்கு என் கால் வரப்பில் தட்டி அந்தப் பக்கம் போனது. கீழே ஒன்றும் இல்லை, காற்றுதான்.

வெள்ளையம்மா பாய்ந்து வந்து என் இடுப்பைக் கட்டிப் பிடித்தாள். இல்லாவிட்டால் அடுத்த வயலில் மல்லாந்திருப்பேன்.

"அய்யய்யோ ஆயா! பொறவு பாக்காமயா வருவீங்க?" என்று கத்தியவள், நான் நட்டதைப் பார்த்தாள். பார்த்துவிட்டுச் சிரித்தாள். "அட, நீங்க கீழ்நாட்டுல கூலி நடவுக்குப் போனவங்களா? அங்கிருந்து வாக்கப்பட்டு வந்த புள்ள ஒருத்தி, மொத வருசம் இதே மாரிதான் விழுந்தா. வரிசையில நட்டுப் பழகுனவங்கதான் பொறவு பாக்க மாட்டாங்க!"

அவள் பாராட்டாகத்தான் சொன்னாள். தமிழில்தானே சொன்னாள் என்று தேற்றிக்கொள்ளவும் வழியில்லை. இருபத்தைந்து வருஷத்தில் ஜெயம்மாவுக்குத் தமிழ் நன்றாகப் புரியும்.

வரப்பில் குடை மடங்கியது. நான் நிமிர்ந்து அந்தப் பக்கம் பார்க்கவில்லை. கையில் மீதி இருந்த நாற்றை நட்டு முடித்தேன்.

5

மத்தியானம் நான் சோற்றை அளைந்துகொண்டிருந்தேன். ஜெயம்மா எதிரில் உட்கார்ந்து தலையைத் தூக்காமல் சாப்பிட்டாள். என் காதுக்குள் சவிதா, "அத்தே, ஏன் இப்படி இருக்கீங்க? அது எனக்கு எப்பவோ கொத்து. கல்யாணமான மொத மாசமே இவர் சொல்லிட்டார்" என்றாள். கொத்து என்றால் தெரியும் என்று அர்த்தம். கேட்டதும் எனக்குச் சந்தோஷம் வரவில்லை, ரோஷம்தான் வந்தது. இத்தனை வருஷம் இவள் முன்னால் மாந்தோப்பு வயல் பேச்சு எத்தனை தடவை பேசியிருப்பேன். ஒரு தடவையாவது சிரித்தாளா? அழுத்தக்காரி.

சாயங்காலம் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன். கீழே விருந்தாளி வயலில் வெள்ளையம்மாவும் அந்த இரண்டு பெண்களும் குனிந்து என்னவோ செய்துகொண்டிருந்தார்கள். உற்றுப் பார்த்தேன். காலையில் எல்லாரும் நட்டதைப் பிடுங்கிப் பிடுங்கி மறுபடி நட்டுக்கொண்டிருந்தார்கள். மேலே வந்த வெள்ளையம்மாவுக்கு நான் பார்த்தது தெரிந்ததும் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது.

"மத்தவங்ககிட்டச் சொல்லிறாதீங்க ஆயா. வர்றவங்க ஆசையா நடறாங்க, ஆனா அத்தனையும் ஆழம். உட்டா வெளையாது. தெனமும் பிடுங்கித்தான் நடறோம்."

என்னுடையதையும் பிடுங்கினீர்களா என்று கேட்க வாய் வரைக்கும் வந்தது. கேட்கவில்லை. என் கௌரவம் அப்படிப்பட்டது. உள்ளே போய்ப் படுத்துவிட்டேன்.

விடிந்ததும் முதல் வேலையாக இறங்கிப் போனேன். சேற்றில் நேற்றைய மிதியெல்லாம் கலைந்து புதிய நடவு வளைந்து வளைந்து போயிருந்தது. அவர்கள் வரப்பின் வளைவுக்குத் தக்கபடி நடுகிறார்கள். நடுவில் எட்டு அடிக்கு மட்டும் ஒரு பட்டை நேராக நின்றது. நூல் பிடித்த மாதிரி. அதை ஒருவரும் தொடவில்லை. இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் அவர்கள் நடவு அதற்கு வழிவிட்டுப் போயிருந்தது.

எவ்வளவு நேரம் பார்த்தேனோ தெரியாது. பின்னால் தொண்டையைச் செருமும் சத்தம் கேட்டது. ஜெயம்மா. கையில் தட்டு, அதில் இட்லி.

அவள் கேட்டு நான் சொல்வதாக இருக்கக் கூடாது என்று நானே ஆரம்பித்தேன்.

"எனக்கு நெலம் கெடையாதுங்க. எப்பவும் இருந்ததில்ல. அந்த மாந்தோப்பு வயல்ல நான் கூலிக்கு நட்டவ."

"எல்லாம் சுள்ளா?" என்றாள். சுள்ளு என்றால் பொய்.

"வயல் நெசம். அதுல நான் இருந்ததும் நெசம். வரப்புல நின்னேன்னு சொன்னதுதான் பொய்."

அவளுக்கு மூச்சு வாங்கியது. திட்டப் போகிறாள் என்று நின்றேன். திட்டினாள்.

"ஏன்ரீ, எங்க வயலுக்கு ஆளு கெடைக்கலே, ஆளு கெடைக்கலேன்னு இருபத்தஞ்சு வருஷமா உங்க பக்கத்துல உக்காந்து அழுதேனே! இப்படி நடற கையை முந்தானைக்குள்ள மூடி வெச்சிட்டு, 'ஆமாங்க, ஆளுங்க சரியில்ல'ன்னு தலையாட்டினீங்களே! வாய் தெறந்து, 'ஜெயம்மா, அவங்க இடுப்பு வலிக்குது, அதனால நிமிர்றாங்க'ன்னு ஒரு மாத்து, ஒரு வார்த்தை சொன்னீங்களா?"

நிலம் இல்லாததைப் பற்றி அவள் ஒன்றுமே கேட்கவில்லை. என் உள்ளே குத்திய முள்ளை மட்டும் சரியாகப் பிடித்து இழுத்தாள்.

"தப்புதாங்க" என்றேன்.

அவள் வயல் பக்கம் திரும்பினாள். அப்புறம் குரலை இறக்கி, "நட வர்றவங்களுக்கு நாங்க மாட்டுக் கொட்டகை ஓரமாத்தான் சாப்பாடு போட்டோம். உங்களுக்கு உங்க ஊர்ல எங்க?" என்று கேட்டாள்.

"வரப்புல."

ஜெயம்மா ஈர வரப்பைப் பார்த்தாள். தன் நல்ல புடவையைப் பார்த்தாள். தட்டை என்னிடம் கொடுத்துவிட்டு, என் தோளைப் பிடித்துக்கொண்டு, ஐயோ அப்பா என்று முனகிக்கொண்டே வரப்பில் உட்கார்ந்துவிட்டாள்.

"பன்னி, உக்காருங்க. இட்லி ஆறிடும். உங்க மாவு மாதிரி இல்ல, கல்லு" என்றாள். பன்னி என்றால் அவர்கள் பாஷையில் வாருங்கள்.

இரண்டு பேரும் ஒரே தட்டில் சாப்பிட்டோம். உண்மையிலேயே கல்தான். அன்றைக்கு எனக்கு நான்கு இட்லி இறங்கியது.

6

கிளம்பும்போது அந்த நோட்டைக் கேட்டேன். "எதுக்குங்க ஆயா?" என்றாள் வெள்ளையம்மா.

"ஒரு கட்டம் தப்பா இருக்கு. திருத்தணும்."

"நாந்தான் சொன்னனே, ஆபீசுல..."

"பக்கத்துல கையெழுத்துப் போடறேன். எனக்குப் போடத் தெரியும்."

செல்வம் பேனாவை எடுத்துக்கொண்டு வந்தான். "குடும்மா, நான் எழுதறேன்."

"நீ எழுதினது போதும்டா" என்று பேனாவை வாங்கிக்கொண்டேன். ஜெயம்மா தன் கண்ணாடியைக் கழற்றி எனக்கு மாட்டிவிட்டாள். சவிதா நோட்டைப் பிடித்துக்கொண்டாள். சொந்த நிலம், விவசாயம் இரண்டின் மேலும் ஒரு கோடு இழுத்தேன். ஸ்டெல்லா டீச்சர் சொல்லித் தந்தபடி, எழுத்துக்கு எழுத்து இடம் விட்டு, ஆழமாக அழுத்தாமல், நடவு என்று எழுதினேன். பக்கத்தில் அஞ்சலை என்று கையெழுத்துப் போட்டேன்.

நடவு, மூன்றே எழுத்து. எழுதி முடித்து நிமிர்ந்தபோதுதான் இடுப்பு வலிக்க ஆரம்பித்தது. அதுவரை தெரியவே இல்லை.